முதலில் வைக்கோல், பிறகு மாடு: ஸ்டார்டியூ வேலியில் கால்நடை வளர்க்கப் புதிதாக வருபவர்களுக்கு

வேலூர்ப் பக்கம் ஒரு மாடு பிடித்து வருவதென்றால், கழனி ஓரத்தில் வைக்கோல் போர் நிற்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் கயிற்றைக் கையில் எடுப்பார்கள். அதே ஆட்கள் ஸ்டார்டியூ வேலி என்ற பண்ணை வீடியோ விளையாட்டை ஆட உட்கார்ந்தால், கையில் காசு சேர்ந்த அன்றைக்கே நாலு கோழி வாங்கிவிட்டு, மழை பெய்தவுடன் தீவனத்துக்கு அலைகிறார்கள். முட்டை நின்றுவிடுகிறது, கோழி முகம் சுளிக்கிறது, விளையாட்டில் ஏதோ கோளாறு என்று மூடிவைத்துவிடுகிறார்கள். கோளாறு வரிசையில்தான் இருக்கிறது. சரியான வரிசை, செலவு, நாள் கணக்கு மூன்றும் கீழே.

விளையாட்டில் தமிழ் கிடையாது, திரையில் எல்லாம் ஆங்கிலம்தான். அதனால் சொற்களை முதலிலேயே பிடித்துக்கொள்ளுங்கள். கூப் என்பது கோழிக்கூடு, பார்ன் என்பது மாட்டுக் கொட்டாய். சைலோ என்பது தீவனம் சேர்த்துவைக்கும் குதிர். ஹே என்பது அறுத்துக் காயவைத்த புல். நெல் வைக்கோல் இல்லை. ஆனாலும் நம் வாய்க்கு வருவது வைக்கோல்தான், இங்கே அப்படியே எழுதுகிறேன். பணத்துக்கு ஜி என்று பெயர்.

1. விளையாட்டை வாங்குமுன்

மாடு வாங்கினால் காதுவில்லை எண், காப்பீடு, வங்கி பாஸ்புக் என்று நம்மூரில் ஆயிரம் காகிதம். இங்கே ஒரு காகிதமும் இல்லை. காப்பாற்ற வேண்டிய ஒரே ஆவணம் உங்கள் சேவ் கோப்பு. விண்டோஸ் கணினியில் ஆப்டேட்டா, அதற்குள் ரோமிங், அதற்குள் ஸ்டார்டியூவேலி, அதற்குள் சேவ்ஸ் என்ற கோப்புறையில் இருக்கும். மாதம் ஒருமுறை அதை அப்படியே நகலெடுத்து பென்டிரைவில் போட்டுவிடுங்கள்.

கணினியில் ஆட்டம் சேமிக்கப்படுவது நீங்கள் படுக்கையில் படுத்து நாளை முடிக்கும்போது மட்டும்தான். சித்திரை வெயிலில் மின்சாரம் போனால் அன்றைய நாள் முழுக்கப் போச்சு. ஒரு நாள் என்பது நிஜத்தில் ஏறக்குறைய 14 நிமிடம், அதனால் நஷ்டம் பெரிதில்லை. பேட்டரி செத்த மடிக்கணினியிலோ, யுபிஎஸ் இல்லாத மேசைக் கணினியிலோ ஆடுபவர்கள் மட்டும் இதை நினைவில் வையுங்கள்.

பழைய கணினியே போதும், 2 ஜிபி ரேமிலும் ஓடும். கைப்பேசியிலும் கிடைக்கும், ஒருமுறை காசு கட்டினால் முடிந்தது, உள்ளே வேறு எதையும் விற்க மாட்டார்கள். ஸ்டீம் தளத்தில் வாங்கிப் பிடிக்கவில்லையென்றால், வாங்கிய 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். அந்த 2 மணி நேரத்தில் விளையாட்டில் எட்டு நாள்தான் ஓடியிருக்கும். கோழி வளர்ப்பு பிடித்திருக்கிறதா என்று அதற்குள் தெரியாது. விவசாயம் பிடிக்கிறதா என்பது தெரிந்துவிடும்.

புதிய பண்ணை தொடங்கும்போது பண்ணை வகையைக் கேட்கும். கால்நடைக்காகவே வருகிறீர்கள் என்றால் மெடோலேண்ட்ஸ் பண்ணையைப் பாருங்கள். 2024 மார்ச்சில் வந்த 1.6 பதிப்பில் சேர்த்தது. கூடு ஒன்றும் கோழி இரண்டும் முதல் நாளிலேயே கையில் கிடைக்கும், விலங்குகளுக்குப் பிடித்த நீலப் புல்லும் அங்கே முளைக்கிறது. கீழே சொல்வது வழக்கமான பண்ணைக்கு. மெடோலேண்ட்ஸ்காரர்கள் 4ஆம் படியின் செலவைக் கழித்துக்கொள்ளலாம், 3ஆம் படியைக் கழிக்க முடியாது.

2. யார் கடை எப்போது திறந்திருக்கும்

மூன்று பேரிடம்தான் போக்குவரத்து. கட்டடத்துக்கு ராபின், விலங்குக்கும் வைக்கோலுக்கும் மார்னி, புல் விதைக்கு பியர்.

மார்னி கடை காலை 9 முதல் மாலை 4 வரை. திங்களும் செவ்வாயும் விடுமுறை. பொய்கை மாட்டுச் சந்தை செவ்வாய்க்கிழமை கூடுகிற ஊர்க்காரர்களுக்கு இது மண்டையில் ஏறாது. செவ்வாய் காலையில் பணத்தோடு போய் ஆளில்லாத கவுண்டரைப் பார்த்துவிட்டு வருவார்கள். வாரத்தின் முதல் இரண்டு நாளும் அங்கே வியாபாரம் இல்லை, அவ்வளவுதான். மற்ற நாட்களிலும் வீடு திறந்திருந்தால் போதாது, மார்னி கவுண்டருக்குப் பின்னால் நிற்க வேண்டும்.

ராபினுக்குச் செவ்வாய் விடுமுறை, பியருக்குப் புதன். இருவரும் காலை 9 மணிக்குத் திறப்பார்கள், முற்பகலிலேயே போய்விடுவது நல்லது. ராபின் ஒரு நேரத்தில் ஒரு கட்டடம்தான் கட்டுவார். சைலோ 2 நாள், கூடு 3 நாள், கொட்டாய் 3 நாள், ஏற்கெனவே இருப்பதைப் பெரிதாக்க 2 நாள். மூன்றையும் ஒரே வாரத்தில் முடிக்கலாம் என்று கணக்குப் போடாதீர்கள்.

3. சைலோ

பெரும்பாலோர் தவறு செய்கிற இடம் இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

சைலோவின் விலை 100 ஜி. பொருளாக 100 கல், 10 களிமண், 5 செப்புக் கட்டி தர வேண்டும். காசு அற்பம், செம்புதான் இழுத்தடிக்கும். சுரங்கம் திறப்பது வசந்தம் 5ஆம் நாள். அங்கே போய்ச் செப்புத் தாது வெட்டி வந்தால், மறுநாள் காலை கொல்லர் கிளிண்ட் வாசலுக்கே வந்து உலை செய்யும் முறையைக் கற்றுத்தருவார். உலைக்கு 20 செப்புத் தாதும் 25 கல்லும். பிறகு ஒவ்வொரு கட்டிக்கும் 5 தாது, 1 நிலக்கரி. ஆக 45 தாதும் 5 நிலக்கரியும் கைக்கு வந்த பிறகுதான் சைலோ பேச்சு. அவசரமென்றால் கிளிண்ட் கடையில் முதல் ஆண்டில் தாது ஒன்று 75 ஜி, நிலக்கரி 150 ஜி. அந்த விலைக்கு வாங்குவதைவிட சுரங்கத்தில் இரண்டு நாள் கூடுதலாக வெட்டலாம்.

களிமண்ணுக்கு மண்வெட்டியால் வெறும் மண்ணைக் கொத்திக்கொண்டே போங்கள், அவ்வப்போது வரும். வந்த களிமண்ணை மட்டும் விற்றுவிடாதீர்கள். புதியவர்கள் பலர் முதல் வாரத்தில் பையைக் காலிசெய்ய வேண்டி அதை விற்பனைப் பெட்டியில் தள்ளிவிட்டு, இரண்டாம் வாரம் அதற்காகவே கொத்திக்கொண்டிருப்பார்கள்.

இப்போது பெரிய பொறி. பண்ணை முழுக்கப் புல் மண்டிக் கிடக்கும். கையில் முதல் நாளிலிருந்தே அரிவாள் இருக்கும். கை சும்மா இருக்காது, எல்லாவற்றையும் அறுத்துத் தள்ளத் தோன்றும். அறுக்காதீர்கள். சைலோ இல்லாமல் அறுத்த புல் வைக்கோலாகாது, காற்றோடு போய்விடும். சைலோ நின்ற பிறகு அறுத்தால், அறுக்கிற புல்லில் பாதிக்குத்தான் வைக்கோல் கிடைக்கும், அது நேராகச் சைலோவுக்குப் போய்விடும். ஒரு சைலோ 240 கட்டு கொள்ளும். அதை நிரப்ப ஏறக்குறைய 480 கட்டம் புல் வேண்டும். முதல் வாரத்தில் நீங்கள் சுத்தம் செய்கிறேன் என்று அறுத்தெறிவது இந்த 480ஐத்தான். விதைக்கிற இடத்தை மட்டும் சுத்தம் செய்துகொண்டு மற்றதை அப்படியே விடுங்கள்; வசந்தம், கோடை, இலையுதிர் மூன்று பருவத்திலும் புல் தானாகப் பரவும்.

சைலோ நிரம்பியிருக்கும்போதும் அறுக்காதீர்கள். சைலோவைத் தொட்டால் எத்தனை கட்டு இருக்கிறது என்று காட்டும், பார்த்துவிட்டு அரிவாளை எடுங்கள்.

எத்தனை சைலோ வேண்டும்? ஒரு விலங்குக்கு ஒரு நாளைக்கு ஒரு கட்டு. குளிர்காலம் 28 நாள், புல் வளராது, விலங்குகள் வெளியே போகாது. ஆக ஒரு விலங்குக்கு 28 கட்டு. எட்டு விலங்கென்றால் 224, ஒரு சைலோவில் மிச்சம் 16. கோழி நாலு, மாடு நாலு இருக்கும் வரை ஒரு சைலோ போதும். ஒன்பதாவது வருமுன் இரண்டாவது சைலோ. இதை விட்டுவிட்டுக் குளிர்காலத்தில் மார்னியிடம் போய் நின்றால் கட்டு 50 ஜி. அதே 224 கட்டுக்கு 11,200 ஜி. இன்னொரு கொட்டாய் கட்டுகிற காசு அது.

4. கோழிக்கூடு

4,000 ஜி, 300 மரம், 100 கல். நாலு விலங்கு தங்கும். கோழி ஒன்று 800 ஜி. இரண்டு கோழியோடு தொடங்கினால் மொத்தம் 5,600 ஜி. மரத்தையும் கல்லையும் வெட்டிச் சேர்த்துவிடுங்கள். ராபினிடம் முதல் ஆண்டில் மரம் 10 ஜி, கல் 20 ஜி. இரண்டாம் ஆண்டில் மரம் 50, கல் 100 ஆகிவிடும். மரம் வாங்கிக் கட்டுகிற எண்ணம் இருந்தால் முதல் ஆண்டிலேயே வாங்கிப் பெட்டியில் அடுக்குங்கள்.

இடம் பார்க்கும்போது கூட்டுக்கு 6 கட்டம் அகலமும் 3 ஆழமும், கொட்டாய்க்கு 7க்கு 4 என்று எடுத்துக்கொள்ளுங்கள். சைலோ 3க்கு 3. கதவு தெற்குப் பக்கம் திறக்கும், அதற்கு முன்னால் புல் இருக்க வேண்டும், மரமோ பெட்டியோ இருக்கக் கூடாது. தப்பான இடத்தில் வைத்துவிட்டால் கவலை வேண்டாம், பிறகு ராபினிடம் சொல்லி இடம் மாற்றிக்கொள்ளலாம், காசு கேட்க மாட்டார்.

கோழி வாங்கியவுடன் முட்டை வராது. குஞ்சு பெரிதாக 3 இரவு ஆகும், பிறகு தினம் ஒன்று. சாதா முட்டை 50 ஜி. முட்டையாகவே விற்றால் கோழி விலை தேற 16 நாள். உழவுத் திறன் 2ஆம் நிலைக்கு வந்ததும் மயோனைஸ் இயந்திரம் செய்யத் தெரிந்துவிடும்: 15 மரம், 15 கல், சுரங்கத்தில் கிடைக்கிற எர்த் கிரிஸ்டல் 1, செப்புக் கட்டி 1. முட்டையைப் போட்டால் 3 மணி நேரத்தில் 190 ஜி சரக்கு. அதே கோழி விலை இப்போது ஐந்தே நாளில் தேறுகிறது. முட்டையை முட்டையாக விற்பவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பாருங்கள்.

கோழி வாங்கும்போது வெள்ளை ஒன்று, பழுப்பு ஒன்று என்று வைத்துக்கொள்வது நல்லது. ஊர்ச் சமூகக் கூடத்தில் பொருள் சேர்க்கிற வேலையில் விலங்குப் பொருட்களுக்கென ஒரு தொகுப்பு உண்டு: பெரிய வெள்ளை முட்டை, பெரிய பழுப்பு முட்டை, பெரிய பால், பெரிய ஆட்டுப்பால், கம்பளி, வாத்து முட்டை. இந்த ஆறில் ஐந்து கொடுத்தால் சீஸ் அழுத்தும் இயந்திரம் பரிசாக வரும். அதனால் முதலில் கிடைக்கிற பெரிய முட்டை இரண்டையும் விற்காமல் வையுங்கள்.

5. தொட்டி, கதவு, வேலி

கூட்டுக்குள் ஒரு ஓரம் தொட்டி இருக்கும், பக்கத்தில் வைக்கோல் எடுக்கும் ஹாப்பர். ஹாப்பரைத் தொட்டால் சைலோவிலிருந்து வைக்கோல் கைக்கு வரும். பையில் ஒரு இடம் காலியாக இருக்க வேண்டும், நிரம்பிய பையோடு போனால் வராது. எடுத்ததைத் தொட்டியில் ஒவ்வொரு இடமாக வையுங்கள்.

விலங்கு சாப்பிட்டதா என்ற கணக்கு இரவில்தான் பார்க்கப்படும். பகலில் வெளியே புல் மேய்ந்திருந்தால் தொட்டியைத் தொடாது, வைக்கோல் அப்படியே மறுநாளுக்கு இருக்கும். மேயவில்லையென்றால் தொட்டியில் இருப்பதைத் தின்னும். ஆகவே தொட்டியை எப்போதும் நிரப்பியே வைத்திருங்கள். வீணாகாது. மழை நாளை மறந்துவிட்டாலும் விலங்கு பட்டினி கிடக்காது. அன்றைக்கு வாங்கிய குஞ்சுக்கும் அன்றிரவே தீவனம் வேண்டும் என்பதைப் பலர் மறக்கிறார்கள்.

கதவு விஷயத்தில் எல்லாரும் பயப்படுகிற பக்கம் வேறு, ஆபத்து இருக்கிற பக்கம் வேறு. சின்னக் கதவைத் திறந்தே விட்டால் நரி வந்து பிடித்துவிடும் என்று நினைத்துச் சாயங்காலமே ஓடிப் போய்ச் சாத்துகிறார்கள். சாத்தும்போது ஒரு கோழி வெளியே நின்றிருந்தால் அது உள்ளே வர முடியாது. இரவு வெளியே மாட்டிக்கொண்ட விலங்கின் மனநிலை பாதியாகிவிடும், காட்டு மிருகம் அடித்துப் போடுகிற ஆபத்தும் அந்த விலங்குக்குத்தான். கதவு திறந்திருந்தால் அவை தாமாக வீடு வந்து சேரும். சாத்தியே ஆக வேண்டுமென்றால் உள்ளே போய்த் தலையை எண்ணிவிட்டுச் சாத்துங்கள். வசந்தம் முதல் இலையுதிர் வரை திறந்தே விடுவதுதான் என் பரிந்துரை.

வேலி கட்டாயமில்லை. இந்த ஊர் மாடு பயிரை மேயாது, மிதிக்கவும் மிதிக்காது, பண்ணையைத் தாண்டியும் போகாது. ஓரிடத்தில் நின்றால் தேடாமல் தடவிக்கொடுக்கலாம் என்பது மட்டுமே வேலியால் லாபம். மரவேலி இரண்டு பருவத்தில் உளுத்துவிடும், வைரமரம் என்கிற ஹார்ட்வுட் வேலி நாலைந்து ஆண்டு தாங்கும்.

வேலிக் கால் ஒன்று மட்டும் வேறொரு வேலைக்கு அவசியம். பியர் கடையில் புல் விதை 100 ஜி. அதை மேய்ச்சல் நிலத்தின் நடுவில் வைத்து, அதன் மேலேயே ஒரு வேலிக் காலை ஊன்றிவிடுங்கள். அடியில் இருக்கிற புல்லை விலங்கால் தின்ன முடியாது, ஆனால் அது சுற்றிலும் பரவிக்கொண்டே இருக்கும். பத்துப் பதினைந்து கட்டத்துக்கு ஒன்று என்று வைத்தால் மேய்ச்சல் ஒருபோதும் மொட்டையாகாது.

6. தடவிக்கொடுப்பது

ஒவ்வொரு விலங்குக்கும் இரண்டு கணக்கு. ஒன்று நட்பு, 0 முதல் 1,000 வரை; திரையில் ஐந்து இதயமாகக் காட்டும், ஒரு இதயம் 200. இன்னொன்று அன்றன்றைய மனநிலை. பெரிய முட்டை, பெரிய பால், தரத்தைக் காட்டும் வெள்ளி, தங்க நட்சத்திரம் எல்லாம் இந்த இரண்டையும் பார்த்துத்தான் வரும். ஒன்றை மட்டும் கவனித்துப் பயனில்லை.

தினம் ஒருமுறை தடவினால் நட்பு 15 கூடும். வெளியே புல் மேய்ந்தால் 8. பால் கறந்தால், கம்பளி வெட்டினால் 5. தடவாமல் விட்டால் 10 வரை குறையும். நட்பு கூடியிருந்தால் குறைவது கொஞ்சம் தணியும். பட்டினி போட்டால் 20 குறையும், மனநிலையும் அதலபாதாளத்துக்குப் போகும், மறுநாள் முட்டையும் பாலும் இல்லை. பட்டினியால் சாகாது, அந்த மட்டும் ஆறுதல்.

கூட்டிப் பாருங்கள். மேய்கிற கோழி தினம் 23 என்று 44 நாளில் ஐந்து இதயம் எட்டும். பால் கறக்கிற மாடு 28 என்று 36 நாளில். கூட்டுக்குள்ளேயே அடைத்துவைத்துத் தடவிக்கொடுத்தால் மட்டும் 67 நாள். புல்லுக்கு இவ்வளவு இடம் கொடுத்து எழுதுவது இதனால்தான்.

காலை எழுந்ததும் முதலில் கொட்டாய்க்குள் போங்கள், விலங்குகள் வெளியே சிதறுமுன் தடவிவிடலாம். இரவு 7 மணிக்கு மேல் போனால் தூங்கப் போகிறது என்று சொல்லித் திருப்பியனுப்பும், அன்றைய 15 போச்சு. முதல் தடவை தொட்டால் தடவல், இரண்டாம் தடவை தொட்டால் விவரப் பலகை திறக்கும். அதில் இதயமும், இன்று எப்படி இருக்கிறது என்று ஒரு வரியும் இருக்கும். வாரம் ஒருமுறையாவது அந்த வரியைப் படியுங்கள். விற்கிற பொத்தானும் அதே பலகையில்தான் இருக்கிறது, அவசரத்தில் விரல் பட்டுவிட வேண்டாம். ஐந்து இதயமுள்ள விலங்கு வாங்கிய விலைக்கு 1.3 மடங்கு போகும். 1,500க்கு வாங்கிய மாடு 1,950. இதயமே இல்லாத மாடு வெறும் 450.

பெயர் வைக்கும்போது ஆங்கில எழுத்திலேயே அடியுங்கள். செவலை, மயிலை, காரி என்று நிறத்தைப் பார்த்து வைத்தால் எதைத் தடவினோம், எதை விட்டோம் என்று குழம்பாது.

7. மாட்டுக் கொட்டாய்

6,000 ஜி, 350 மரம், 150 கல். மாடு 1,500. பால் கறக்கும் வாளி 1,000, அதை மார்னியிடம் தனியாக வாங்க வேண்டும். கொட்டாய், இரண்டு மாடு, வாளி எல்லாம் சேர்த்து 10,000 ஜி. இதில் வாளியைக் கணக்கில் விட்டுவிட்டு, கன்று பெரிதாகி நிற்கும்போது கறக்க வழியில்லாமல் திங்கள் செவ்வாய் கழியட்டும் என்று காத்திருப்பவர்கள் உண்டு. மாட்டோடு சேர்த்தே வாங்குங்கள். கன்று 5 இரவில் மாடாகும், பிறகு தினம் பால். கறப்பது நம் வேலை, கறக்கும்வரை மடியிலேயே இருக்கும்.

பால் 125 ஜி, பெரிய பால் 190. சீஸ் ஆக்கினால் 230. பெரிய பாலில் செய்தால் தங்கத் தரம், 345. சீஸ் இயந்திரம் செய்யும் முறை உழவுத் திறன் 6இல் வரும். 45 மரம், 45 கல், 10 ஹார்ட்வுட், 1 செப்புக் கட்டி. ஒரு சீஸுக்கு 200 நிமிடம் எடுக்கும், விளையாட்டு நேரத்தில்.

உழவுத் திறன் 5இல் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும். ரான்ச்சர் என்றால் விலங்குப் பொருளுக்கு 20 சதவீதம் கூடுதல் விலை, டில்லர் என்றால் பயிருக்கு 10 சதவீதம். கால்நடைக்காரர் கண்ணை மூடிக்கொண்டு ரான்ச்சரைத் தொட்டுவிடுவார். ஆனால் 10ஆம் நிலையில் டில்லர் வழியாகத்தான் ஆர்ட்டிசன் வருகிறது. சீஸ், மயோனைஸ், துணி எல்லாவற்றுக்கும் 40 சதவீதம் கூடும். பாலைப் பாலாக விற்கிற எண்ணம் இல்லையென்றால் டில்லர்தான்.

8. மழையும் குளிரும்

வீட்டுத் தொலைக்காட்சியில் நாளைய வானிலை சொல்வார்கள், பார்த்துவிட்டுப் படுங்கள். மழை நாளில் கதவு திறந்திருந்தாலும் விலங்கு வெளியே போகாது, தொட்டியில் இருப்பதுதான் சாப்பாடு.

இலையுதிர் கடைசி வாரம் வந்தால் அறுவடை. மேய்ச்சலுக்கென்று விட்டுவைத்ததையும் சேர்த்து 28ஆம் தேதிக்குள் அறுத்துச் சைலோவை நிரப்புங்கள். கோதுமை போட்டிருந்தால் அதை அறுக்கும்போதும் சில நேரம் வைக்கோல் கூடவே வரும். நிரம்பிய பிறகும் புல் மிச்சமிருந்தால், சைலோவிலிருந்து எடுத்துப் பெட்டியில் அடுக்கிவிட்டு மறுபடி அறுக்கலாம். இரண்டாவது சைலோ 100 ஜிதான் என்பதால் அதுவே சுலபம்.

ஹீட்டர் 2,000 ஜி, மார்னியிடம். வேலூர்க்காரனிடம் மாட்டுக்கு ஹீட்டர் வாங்கு என்றால் சிரிப்பான். ஆனால் அந்த ஊர்க் குளிரில் அது இல்லாமல் மாலைக்கு மேல் விலங்குகளின் மனநிலை இறங்கும், நட்சத்திரத் தரம் சரியும். கட்டடத்துக்கு ஒன்று போதும். குளிர்காலம் முதல் நாளுக்கு முன்பே உள்ளே வையுங்கள்.

9. பெரிதாக்குவது

பிக் கூப் 10,000 ஜி, 400 மரம், 150 கல். எட்டு தங்கும், அடைகாக்கும் இயந்திரமும் உள்ளே வரும், வாத்து வாங்கலாம். டீலக்ஸ் கூப் 20,000 ஜி, 500 மரம், 200 கல், பன்னிரண்டு தங்கும், முயல் வாங்கலாம். கொட்டாய்க்கு பிக் 12,000 ஜி, 450 மரம், 200 கல். டீலக்ஸ் 25,000 ஜி, 550 மரம், 300 கல். பிக்கில் ஆடு, டீலக்ஸில் செம்மறியும் பன்றியும்.

டீலக்ஸ் ஆனதும் தொட்டி தானாக நிரம்பும். ஆனால் நிரம்புவது சைலோவிலிருந்துதான். பன்னிரண்டு மாடு ஒரு குளிர்காலத்துக்கு 336 கட்டு தின்னும், ஒரு சைலோ காலியாவது உங்கள் கண்ணுக்கே தெரியாது, ஏனென்றால் தொட்டிப் பக்கம் நீங்கள் போவதே இல்லை.

பன்றி 16,000 ஜி. பெரிதாக 10 இரவு. ட்ரஃபிள் என்ற காளானைத் தோண்டித் தரும், ஒன்று 625 ஜி, எண்ணெயாக ஆட்டினால் 1,065. மழையில் தோண்டாது, குளிர்காலத்தில் தோண்டவே தோண்டாது. இலையுதிர் கடைசியில் பன்றி வாங்குவது ஒரு பருவம் முழுக்கச் சும்மா தீனி போடுவதற்குச் சமம். வசந்தத்தில் வாங்குங்கள்.

ஆட்டோ கிராப்பர் 25,000 ஜி, உழவுத் திறன் 10இல் மார்னியிடம் கிடைக்கும். பால், முட்டையைத் தானே சேர்க்கும், தடவாது. தடவுகிற இயந்திரம் வேறு, அதன் பலன் கையால் தடவுவதில் பாதிதான்.

10. முட்டையோ பாலோ வரவில்லையென்றால்

இந்த வரிசையில் பாருங்கள். இன்னும் குட்டியா? நேற்றிரவு தொட்டி காலியா? வாத்தும் வெள்ளாடும் இரண்டு நாளுக்கு ஒருமுறை, செம்மறி மூன்று, முயல் நாலு நாளுக்கு ஒருமுறை. அதன் முறை இன்னும் வரவில்லையோ? மூன்றும் இல்லையென்றால் விலங்கைத் தொட்டு அந்த ஒரு வரியைப் படியுங்கள். நேற்றிரவு வெளியே நின்றேன் என்ற அர்த்தத்தில் ஏதாவது இருந்தால் சாயங்காலம் கதவைச் சாத்தியது நீங்கள்தான். பசி என்றிருந்தால் சைலோவைப் போய்ப் பாருங்கள். காலியாக இருந்து, அன்றைக்குத் திங்கள்கிழமையாகவும் இருந்தால், புதன் காலை 9 மணி வரை கையில் அரிவாள்தான் துணை.